ஒரு பேரைச் சொல்லும் நேரம்

கோணல்மாணலாக இருக்கிறதென்று யாரும் சிரிக்கக்கூடாது. கோடு போட்ட தாள்தான் வாங்கி எழுதுகிறேன், ஆனாலும் எழுத்து கோட்டில் உட்கார மாட்டேன் என்கிறது. நான் படித்தது ஐந்தாவது வரைக்கும். அதற்கப்புறம் கொஞ்ச காலம் எழுதினேன், பிறகு பல வருஷம் பேனாவையே தொடவில்லை. ஏன் தொடவில்லை என்பது இதிலேயே வரும். ஞாபகமும் முன்னைப் போல் இல்லை. எது முன்னால் நடந்தது, எது பின்னால் நடந்தது என்று சில இடத்தில் தடுமாறும். பொறுத்துக்கொள்ள வேண்டும்.

வாழ்க்கையில் முன்னேறிய பெண்களைப் பற்றியும் அவர்கள் சொன்ன நல்ல வார்த்தைகளைப் பற்றியும் ஆளுக்கொன்று எழுதித் தாருங்கள், புத்தகமாகப் போடுகிறோம் என்று எங்கள் மகளிர் மன்றத்துப் பெண்கள் வீடு வீடாகச் சொல்லிவிட்டுப் போனார்கள். டாக்டரம்மா, டீச்சரம்மா என்று மற்றவர்கள் எழுதுவார்கள். எனக்குத் தெரிந்தவர் ஒருவர்தான். அவர் முன்னேறினார் என்று சொல்லலாமா கூடாதா என்பதே எனக்கு இன்னும் பிடிபடவில்லை. அவர் பேரை எழுத மாட்டேன். மறந்துபோய் அல்ல. அக்கா என்றே எழுதுகிறேன்.

எழுபதுகளின் ஆரம்பத்தில் நானும் என் வீட்டுக்காரரும் சாத்தூர்ப் பக்கமிருந்து நெய்வேலிக்கு வந்தோம். அவருக்கு மைன்ஸில் கான்ட்ராக்ட் வேலை. எனக்குக் கரி யார்டில் கான்ட்ராக்ட் வேலை. நெய்வேலியில் அப்போது இருந்தது இரண்டே சாதி, பர்மனென்ட், கான்ட்ராக்ட். பர்மனென்ட்காரர்களுக்குக் குவார்ட்டர்ஸ், வீட்டுக்குள்ளேயே குழாய், ஆஸ்பத்திரிச் சீட்டு. எங்களுக்கு டவுன்ஷிப்புக்கு வெளியே தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் கீற்றுக் குடிசை, எல்லோருக்கும் பொதுவாக ஒரு தெருக்குழாய். அந்தக் குழாயடியில்தான் அக்காவை முதலில் பார்த்தேன். நான் பேசுவதைக் கேட்டுவிட்டு, "என்னா பொண்ணே, தண்ணி கேக்கறியா, சண்டைக்குக் கூப்பிடறியா?" என்றார். அன்றிலிருந்து எனக்குத் தெக்கத்திப் பொண்ணு என்று பேர்.

அக்கா இந்த மண்ணின் ஆள். அவர்கள் வீட்டு முந்திரிக்கொல்லை மைன்ஸுக்குப் போய்விட்டது. புருஷன் வேறு எங்கேயோ போய்விட்டார், அதைப் பற்றி அக்கா பேச மாட்டார். ஒரே மகள், பண்ருட்டிப் பக்கம் பாட்டி வீட்டில் வளர்ந்தாள். ஒருநாள் வேலைக்குப் போகும் வழியில் பள்ளத்தின் ஓரத்தில் நின்று கீழே கை காட்டினார். "அந்த மெஷினு நிக்குது பாரு, அங்கதான் எங்க கொல்லக் கெணறு." நான் எட்டிப் பார்த்துவிட்டு, கிணறு என்ன ஆச்சு அக்கா என்று பேதையாகக் கேட்டேன். "ஊரே கெணறா ஆயிட்ட பெறகு, கெணத்தத் தேடறியா நீ" என்று சிரித்துவிட்டு நடந்தார். உயரமான ஆள். சேலைக்கு மேல் ஆம்பளைச் சட்டை, தலையில் துண்டு. இரும்புச் சட்டி தூக்கித் தூக்கி ஒரு தோள் இறங்கிப்போயிருந்தது.

எங்களுக்கு வேலை பெல்ட்டுக்கு அடியில். மைன்ஸிலிருந்து கரியைக் கொண்டுவந்து கொட்டிக்கொண்டே இருக்கும் நீளமான ரப்பர் பாதை அது. அதிலிருந்து சிந்துவதைக் கூட்டி, அள்ளி, மறுபடி மேலே போடவேண்டும். இந்தக் கரி சும்மா கிடந்தாலே உள்ளுக்குள் புகையும். தண்ணீர் தெளித்துக்கொண்டே இருக்கவேண்டும். சாயங்காலம் சங்கு ஊதும்போது கண்ணும் பல்லும் மட்டும்தான் எங்களுக்குச் சொந்த நிறத்தில் இருக்கும்.

காலையில் மேஸ்திரி பேர் கூப்பிடுவார். இந்த இடத்தை இப்போதுள்ள பிள்ளைகளுக்கு விளக்கிச் சொல்லவேண்டும். ஒரே ஆள் ஒரே பேரில் விடாமல் வேலை செய்தால், நாளைக்கு என்னைப் பர்மனென்ட் செய் என்று கேட்க உரிமை வந்துவிடும். அதனால் கான்ட்ராக்டர் இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை வேலை முடிந்தது என்று நிறுத்திவிட்டு, ஒரு வாரம் கழித்து அதே எங்களை வேறு பேரில் மஸ்டரில் எழுதுவார். மஸ்டர் என்றால் ஆஜர் நோட்டு. மேஸ்திரிக்குத் தோன்றியதெல்லாம் எங்களுக்குப் பேர். அவர் அத்தை பேர், மச்சினி பேர், எதிர் வீட்டுக்காரி பேர். கூப்பிட்டால் "இருக்கேன்" என்று சொல்லவேண்டும். புதுப் பேர் வந்த வாரத்தில் யாருக்கு எது என்று எங்களுக்கே மறந்துபோய், ஒரு பேருக்கு இரண்டு பேர் பதில் சொல்லுவோம், இன்னொரு பேர் அநாதையாக நிற்கும். சிரிப்பாகக் கிடக்கும். மேஸ்திரியும் சிரிப்பார்.

அக்கா சிரிக்க மாட்டார். அவருக்கு வைத்த பேரைக் கூப்பிட்டால் உடனே பதில் வராது. கொஞ்ச நேரம் போகும், அதற்குப் பிறகுதான் "இருக்கேன்" வரும். தினமும் அப்படித்தான். காது மந்தம் என்று மேஸ்திரி முடிவு செய்துவிட்டார். எனக்கு மட்டும் தெரியும், நான் பக்கத்தில் நிற்பேன். அந்த இடைவெளியில் அவர் உதடு அசையும். தன் பேரைத் தனக்குச் சொல்லிக்கொள்வார். அது முடிந்த பிறகுதான் மற்றவர்களுக்குப் பதில்.

ஒருநாள் ஏன் அக்கா இப்படி என்று கேட்டேன். "அவன் கூப்பிடறவள நான் வேலைக்கு அனுப்பறேன். நான் யாருன்னு நான் பாத்துக்கணும் இல்ல" என்றார்.

பயம் என்பது அக்காவுக்கு இல்லை என்று நினைத்துவிடக்கூடாது. பயந்துகொண்டே கேட்பார். குடிக்கத் தண்ணீர்ப் பானை கேட்டார், வந்தது. பொம்பளைகள் ஒதுங்க ஒரு தட்டி மறைவு கேட்டார், ஒரு வருஷம் கேட்ட பிறகு வந்தது. கேட்டுவிட்டு வந்து, துண்டை எடுத்து முகத்தை அழுத்தித் துடைத்துக்கொள்வார். அழுத பிள்ளைக்குத்தான் பால் என்று நான் ஒருமுறை சொன்னேன். "அழுவாத. கேளு. அழுதா பாலக் குடுத்துத் தூங்க வெச்சிடுவாங்க." மன்றத்துப் பிள்ளைகள் நல்ல வார்த்தை கேட்டார்களே, இதை எழுதிக்கொள்ளலாம்.

இனி அஞ்சலை கதை. அஞ்சலை எங்களோடு வேலை செய்த சின்னப் பெண், கல்யாணமாகி ஒரு வருஷம். பெல்ட்டின் உருளையில் அவள் கை மாட்டிக்கொண்டது. தூக்கிக்கொண்டு ஓடினார்கள். சேதி கேட்டு அவள் புருஷன் ஆஸ்பத்திரிக்கு வந்து, அஞ்சலை எங்கே என்று கேட்டிருக்கிறான். அப்படி யாரும் வரவில்லை என்று சொல்லிவிட்டார்கள். அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது. அவர்களிடம் மேஸ்திரி கொடுத்த சீட்டில் கலாவதி என்று இருந்தது. சாயங்காலம் வரைக்கும் அவன் வாசலில் உட்கார்ந்திருந்தான், அவள் உள்ளே படுத்திருந்தாள். வேலை முடிந்து அக்கா போய்த்தான் கூட்டிக்கொண்டு போனார். முழங்கைக்கு மேலேயே கையை எடுத்துவிட்டார்கள். பிறகு நியாயம் கேட்டுப் போனபோது, அடிபட்டது கலாவதி, நீ அஞ்சலை, உனக்கு என்ன வேண்டும் என்று கான்ட்ராக்டர் ஆள் கேட்டான். அவள் ஊருக்கே போய்விட்டாள்.

அவள் போன மறுநாள் சாயங்காலம் அக்கா ஒரு காலண்டர் தாளோடு என் குடிசைக்கு வந்தார். பஜாரில் பாய் கடையில் கொடுத்த தினசரிக் காலண்டர், அன்றைய தேதித் தாளைக் கிழித்துக்கொண்டு வந்திருந்தார். நான் ஊருக்குக் கடிதாசி எழுதுவதை எப்போதோ பார்த்திருக்கிறார் போல.

"தெக்கத்திப் பொண்ணே, இதும் பின்னால எழுது. இன்னிக்கு மஸ்டர்ல எனக்கு என்னா பேரு, எங்க வேல பாத்தன், அதுக்குக் கீழ எம் பேரு."

எழுதினேன். அக்கா பெருவிரலை நாக்கில் நனைத்து, முழங்கையில் ஒட்டியிருந்த கரியில் தேய்த்து, தாளில் அழுத்தினார். "மை எதுக்கு, ஒடம்பு பூரா மைதான்" என்றார்.

அன்று தொடங்கியது மூன்று வருஷம் போனது. வேலை செய்த ஒவ்வொரு நாளும் ஒரு தாள். நான் இடதுகைக்காரி. சின்ன வயதில் வாத்தியார் அடித்தும் மாறவில்லை. எழுத்து எல்லாம் இடப்பக்கம் சாய்ந்து, காற்றில் படுத்த கதிர் மாதிரி இருக்கும். நான் எழுதி முடித்த தாளை அக்கா தலைகீழாகப் பிடித்துக்கொண்டு பார்ப்பார். ரேஷன் கடையில் சீட்டுக் குத்துகிற கம்பி மாதிரி ஒன்று செய்து அதில் கோர்த்து, மழையில் நனையாமல் பால்பவுடர் டப்பாவுக்குள் வைத்துக்கொள்வார். நான் எழுதுவது அவருக்கும் என் வீட்டுக்காரருக்கும் தவிர அதிகம் பேருக்குத் தெரியாது. கூச்சம். பொம்பளை எழுதுகிறாள், நமக்கும் எழுதித் தரட்டும் என்று வந்து வரிசையில் நிற்பார்கள், எனக்குப் பேசி அனுப்பத் தெரியாது.

பிறகு ஒரு விசாரணை வந்தது. கான்ட்ராக்ட் ஆட்களில் விடாமல் வேலை செய்தவர்கள் யார் என்று பார்க்க ஓர் அதிகாரி வருகிறார், சாட்சி உள்ளவர்கள் கொண்டுவரலாம் என்றார்கள். அக்கா டப்பாவைத் துடைத்து வைத்தார். "நான் போய்க் காட்டுவன். இத எழுதனது யாருன்னு கேப்பாங்க. நீ எழுந்து நின்னு நான்தான்னு ஒரு வார்த்த சொன்னா போதும். எம் பேர்லயே எனக்கு வேல வந்துடும்." நான் தலையாட்டினேன்.

விசாரணைக்கு முதல்நாள் காலையில் மேஸ்திரி என் குடிசைக்கு வந்தார். கட்டிலில் உட்கார்ந்து காப்பி கேட்டு வாங்கிக் குடித்தார். மரியாதையாகத்தான் பேசினார்.

"உங்க வூட்டுக்காரர் பேரு பர்மனென்ட் லிஸ்ட்டுல மேல போயிருக்குதும்மா. மைன்ஸ்ல எனக்கு வேண்டியவங்க இருக்காங்க. அந்தப் பேரு அங்கயே இருக்கறதும் அழியறதும் ஒரு பேனா வேல." டம்ளரைக் கீழே வைத்தார். "நீங்க எழுதப் படிக்கத் தெரிஞ்சவங்கன்னு எனக்குத் தெரியாது. ஆபீசருக்கு மட்டும் ஏன் தெரியணும்?"

அவர் போன பிறகு என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் பிள்ளைக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருந்தார். வாய்க்குக் கொண்டுபோன கவளம் அப்படியே நின்றது. பிள்ளைதான் எக்கி வாங்கிக்கொண்டது.

அன்று சாயங்காலமும் அக்கா தாளோடு வந்தார். எழுதினேன். கைநாட்டு வைத்துவிட்டு, கைகழுவக் குழாய்க்குப் போனவர் அங்கே யாரோ கூப்பிட்டு அப்படியே போய்விட்டார். தாள் என்னிடமே இருந்துவிட்டது.

மறுநாள் ஹாலில் நாற்பது ஐம்பது பேர் இருந்தோம். அதிகாரி நல்ல மனுஷர், வயசானவர், கண்ணாடியைக் கழற்றிக் கழற்றித் துடைத்தார். முதலில் மஸ்டர் பேரைச் சொல்லி அக்காவைக் கூப்பிட்டார். அந்த இடைவெளி வந்தது. பிறகு "இருக்கேன்." தாள்களை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தார். எல்லாம் ஒரே கை எழுத்தாக இருக்கிறதே, உனக்கு எழுதத் தெரியாது என்கிறாயே, யார் எழுதியது என்றார். அக்கா திரும்பி என்னைக் காட்டினார். என்னை முன்னால் வரச் சொன்னார்கள்.

"இது உன் எழுத்தாம்மா?"

மேஸ்திரி சுவரோரம் நின்றுகொண்டிருந்தார். என்னைப் பார்க்கக்கூட இல்லை, காற்றாடியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எனக்கு எழுதத் தெரியாதுங்கய்யா" என்றேன்.

அதிகாரி கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். பிறகு நான் சொன்னதை எழுதிக்கொண்டு, மைப் பெட்டியை என் பக்கம் தள்ளினார். பெருவிரலை வைத்தேன். ஊதா மை.

அக்கா கத்துவார் என்று நினைத்தேன். டப்பாவை மூடி எடுத்துக்கொண்டு வெளியே வந்தார். நான் படிக்கட்டில் நின்றுகொண்டிருந்தேன். கிட்டே வந்து என் கையைப் பிடித்தார். தலையிலிருந்த துண்டை எடுத்து என் பெருவிரலைத் தேய்த்துத் துடைத்தார்.

"காயறதுக்குள்ள தொடைக்கணும். இல்லன்னா நாளு பூரா தெரிஞ்சிகினே இருக்கும்." துடைத்து முடித்த பிறகு சொன்னார். "உனக்கு எழுத்து தெரியாது. சரி. அப்ப எம் பேரும் உனக்குத் தெரியாது. இனிமே அத்த உன் வாயால சொல்லாத, கையால எழுதாத."

அவ்வளவுதான். திட்டியிருந்தால் நான் அழுதிருப்பேன், கொஞ்சம் குறைந்திருக்கும்.

அடுத்த வருஷம் என் வீட்டுக்காரர் பர்மனென்ட் ஆனார். குவார்ட்டர்ஸ் வந்தது. பின்பக்கம் பலா மரம், வீட்டுக்குள்ளே குழாய். குழாயைத் திறந்தால் எனக்கு வேறு ஒரு குழாயடி ஞாபகம் வரும். நான் யார்டு வேலையை விட்டுவிட்டேன்.

இதற்குள் டவுன்ஷிப்பில் கைநாட்டுப் பெண்களுக்கு என்று சாயங்காலப் பள்ளிக்கூடம் தொடங்கினார்கள். எங்கள் பிளாக் பெண்கள் வந்து என்னையும் கூட்டிக்கொண்டு போனார்கள். போகாவிட்டால் ஏன் என்று கேட்பார்கள். உள்ளே போனால், பாயில் அக்கா உட்கார்ந்திருக்கிறார். சிலேட்டு மடியில். நாற்பது வயசுக்கு மேல் இருக்கும் அப்போது. பக்கத்தில்தான் இடம் இருந்தது, உட்கார்ந்தேன்.

அ எழுதச் சொன்னார் டீச்சர். எனக்கு எழுத வரக்கூடாதே என்று வலது கையில் பல்பத்தைப் பிடித்தேன். நிஜமாகவே வரவில்லை, கோணிக்கொண்டு போனது. அக்கா நாக்கைக் கடித்துக்கொண்டு தன்னுடையதை எழுதி முடித்துவிட்டு என் சிலேட்டை எட்டிப் பார்த்தார். ரொம்பப் பொறுமையாகச் சொன்னார்.

"வலது கையிலயா எழுதற? கஷ்டமா இருக்குமே."

நான் நாலைந்து நாள் போய்விட்டு நின்றுவிட்டேன். அக்கா ஒருநாள்கூட விடவில்லை என்று கேள்விப்பட்டேன். கரி அப்பிய கையோடு நேராக வருவாராம். முதலில் தன் பேரை எழுதக் கற்றுக்கொடுங்கள், அ ஆவெல்லாம் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றாராம். நான் எழுத்துத் தெரிந்தவள் என்று அவர் யாரிடமும் சொல்லவில்லை. டீச்சரிடம், கூட இருந்த பெண்களிடம், யாரிடமும். அந்த ரகசியத்தை எனக்காக வைத்துக்கொண்டார் என்று நினைத்தேன். எனக்காக இல்லை, என்மேல் பாரமாக வைத்தார் என்று இப்போது தோன்றுகிறது.

அதற்குப் பிறகு காலண்டர் தாளில் அவரே எழுதினார். தனக்கு மட்டும் இல்லை, கூட இருந்த பத்துப் பன்னிரண்டு பெண்களுக்கும். பெரிய பெரிய எழுத்தாக இருக்குமாம், ஒரு தாளில் மூன்று பேருக்கு மேல் இடம் பத்தாதாம்.

எண்பதுகளில் ஒரு வருஷம், எந்த வருஷம் என்று சரியாக நினைவில்லை, மறுபடி ஒரு கணக்கெடுப்பு வந்தது. இந்த முறை மஸ்டரை மட்டும்தான் பார்ப்பார்களாம். பழைய விசாரணையில்தான் சொந்தப் பேருக்குச் சாட்சி இல்லை என்று முடிந்துவிட்டதே. அதனால் மஸ்டரில் ஒரு பேர் போதுமான நாள் இருந்தால் அந்தப் பேருக்கு வேலை. அந்தப் பேரில் நின்றது நான்தான் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு, அன்றிலிருந்து அந்தப் பேரிலேயே இருந்துகொள்ள வேண்டும்.

அதே பேர்களைத்தான் மேஸ்திரி ஆள் மாற்றி மாற்றி எழுதியிருந்தார். எந்தப் பேரில் யார் அதிக நாள் நின்றார்கள் என்பது அக்காவின் தாள்களைப் பார்த்துத்தான் தெரிந்தது. அது இல்லாவிட்டால் ஒரு பேருக்கு மூன்று பேர் அடித்துக்கொண்டிருப்பார்கள். அக்கா யார்டில் உட்கார்ந்து ஒவ்வொருத்திக்கும் எடுத்துச் சொன்னாராம். இதை அங்கே இருந்த ஒருத்தி பிற்பாடு என் வீட்டுக்கு வந்து சொன்னாள். ஒரு பெண், பேரை மாற்றிக்கொண்டால் என் புருஷன் என்னை என்ன சொல்லிக் கூப்பிடுவான் என்று அழுதாளாம். பக்கத்தில் இருந்தவள், "இப்ப மட்டும் பேர் சொல்லியா கூப்பிடறான், ஏய்னுதான கூப்பிடறான், அது மாறாது போடி" என்றாளாம். எல்லோரும் சிரித்தார்களாம். அக்காவும் சிரித்தாராம். சிரித்துவிட்டு, முதல் ஆளாகப் போய்க் கையெழுத்துப் போட்டார். தான் போடாவிட்டால் மற்றவர்கள் தயங்குவார்கள் என்று.

"சோறு எவ பேர்ல வந்தா என்னா, பசி எம் பேர்லதான் இருக்குது" என்று சொன்னாராம்.

பதினோரு பெண்கள் பர்மனென்ட் ஆனார்கள். அவர்களுக்கெல்லாம் அது வெற்றிதான். இன்று அவர்கள் பிள்ளைகள் எங்கெங்கேயோ இருக்கிறார்கள். அக்காவுக்கும் குவார்ட்டர்ஸ் வந்தது, எங்கள் தெருவுக்கு அடுத்த தெரு. எல்லோரும் வாசலில் பேர் எழுதிவைப்பார்கள். அக்கா வீட்டு வாசலில் நம்பர் மட்டும் இருந்தது. மூன்று வருஷமாக ஒவ்வொரு தாளிலும் எந்தப் பேரைக் கடைசி வரியில் எழுதச் சொன்னாரோ அந்தப் பேரை அவரே தன் கையால் எழுதக் கற்றுக்கொண்டு, அதற்குப் பிறகு வேறு பேரில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். நான் அன்றைக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இது இப்படி ஆகியிருக்காது. இதைச் சுற்றிவளைத்து எழுத எனக்குத் தெரியவில்லை.

பர்மனென்ட் ஆன பிறகும் சும்மா இருக்கவில்லை. கூட்டுகிற வேலையே போதும் என்று மற்றவர்கள் இருந்தபோது, இதற்கு மேலே என்ன வேலை இருக்கிறது என்று கேட்டுக் கேட்டு பம்ப் ஹவுஸில் ஹெல்பராகப் போனார். எனக்குத் தெரிந்து அங்கே போன முதல் பொம்பளை அவர்தான். பூமிக்கு அடியில் ஊறுகிற தண்ணீரை இறைத்துக்கொண்டே இருக்காவிட்டால் மைன்ஸ் முழுகிவிடும், அது நெய்வேலியில் பிள்ளைகளுக்கும் தெரியும். கடைத்தெருவில் என்னைப் பார்த்தபோது, வேலை எப்படி அக்கா என்று கேட்டேன். "இங்க ஒண்ணு கத்துகினன். மோட்டாரு ஓடறப்ப யாரும் திரும்பிப் பாக்க மாட்டான். நின்னாத்தான் தெரியும்." அதற்குமேல் எங்களுக்குள் பேச்சு ஓடாது. கேட்டதற்குப் பதில் சொல்லுவார். அவராக ஒன்றும் கேட்க மாட்டார்.

ஐந்தாறு வருஷம்தான் அந்த வேலை. கரி தின்ற நெஞ்சு, இருமல் நிற்கவில்லை. ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். இந்த முறை சீட்டு, கட்டில், மருந்து எல்லாம் முறையாகக் கிடைத்தது. சீட்டில் அந்த வேறு பேர். மகள் பண்ருட்டியிலிருந்து வரும்வரைக்கும் பகலில் நான் போய் உட்காருவேன். போகச் சொல்லவில்லை, உட்கார் என்றும் சொல்லவில்லை. காலையில் நர்ஸ் வந்து சீட்டைப் பார்த்துப் பேர் கூப்பிடும். அக்கா கண்ணை மூடிக்கொள்வார், உதடு அசையும், பிறகு "இருக்கேன்." நாளாக ஆக இடைவெளி நீண்டுகொண்டு போனது. மூச்சு பத்தவில்லை, ஆனாலும் அந்தப் பேரை விடவில்லை.

ஒருநாள் என் கையைப் பார்த்துக்கொண்டே கேட்டார். "இப்ப எழுதறியா?"

"இல்லக்கா. அன்னைக்கிருந்து தொடல. வீட்டுக் காகிதம் எல்லாத்துலயும் கைநாட்டுத்தான்."

"கை மறந்துடும்டி. எழுது."

எங்கள் பேச்சில் கடைசி அதுதான். அக்கா, உங்க பேரை நான் ஒருதரம் சொல்லிக்கொள்ளட்டுமா என்று கேட்க வாய் வரை வந்தது. கூச்சத்தில் கேட்காமலே வந்துவிட்டேன். மறுநாள் காலை நர்ஸ் வந்து பேர் கூப்பிட்டது. நாங்கள் காத்துக்கொண்டிருந்தோம், நர்ஸும் நானும். உதடு அசைந்தது. பதில் வரவில்லை.

கருமாதிப் பத்திரிகையில் என்ன பேர் போடுவது என்று மகள் குழம்பினாள். பிறந்த பேரைப் போட்டால் வேலை செய்த இடத்தில் யாருக்கும் தெரியாது, வேலைப் பேரைப் போட்டால் சொந்தக்காரர்களுக்குத் தெரியாது. பண்ருட்டியில் இரண்டு விதமாக அடித்துவந்தாள். எனக்கு எதைக் கொடுப்பது என்று கொஞ்சம் யோசித்துவிட்டு, வேலைப் பேர் போட்டதைக் கொடுத்துவிட்டுப் போனாள். எனக்கு மற்றதும் தெரியும் என்று அவளுக்குத் தெரியாது.

என் வீட்டுக்காரர் போய் இரண்டு வருஷம் ஆகிறது. இனி யாருடைய வேலைக்கும் என்னால் ஆபத்து இல்லை. அதனால்தான் இந்த வயதில் பேனாவை எடுத்தேன். இடது கையில்தான் எழுதுகிறேன். மருமகள் பார்த்துவிட்டு, உங்களுக்கு எழுத வருமா அத்தை என்று நின்றுவிட்டாள்.

விவரங்களை யாராவது சரிபார்க்க வேண்டும். விசாரணை நடந்த வருஷம் தப்பாக இருக்கலாம், வருஷமே நான் போடவில்லை. பதினோரு பேர் என்பது பன்னிரண்டாகவும் இருக்கலாம். இதெல்லாம் பழைய ஆட்களைக் கேட்டால் தெரியும். இன்னொன்றையும் கட்டாயம் பார்க்கவேண்டும். அன்று என்னிடமே தங்கிப்போன அந்தக் கடைசித் தாளை இதோடு வைத்திருக்கிறேன். மடிப்பில் கிழிந்திருக்கிறது, பார்த்துப் பிரிக்கவும். பின்பக்கத்தில் மூன்று வரி, அதற்கடியில் கரிக் கைநாட்டு. அந்த எழுத்தையும் இந்த எழுத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இரண்டும் ஒரே கைதானா என்று எழுத்துத் தெரிந்தவர் ஒருவர் பார்த்துச் சொல்லவேண்டும். இடப்பக்கம் சாய்ந்திருக்கும். மூன்றாவது வரிதான் அக்கா பேர். எனக்குத்தான் சொல்லக்கூடாது. நீங்கள் அதை வாய்விட்டுப் படிக்கலாம்.